பெயர் தெரியாத புத்தகத்தை எப்படித் தேடுவது? நான்கு தமிழ் இணைய நூலகங்கள்: ஒரு மதிப்புரை

புத்தகத்தின் பெயர் தெரிந்தால் தேடல் பெட்டியில் தட்டலாம், கிடைத்துவிடும். பெயரே தெரியாத புத்தகத்துக்கு எதைத் தட்டுவது? யாரும் பேசாத நாவல், மறுபதிப்பே காணாத பயண நூல், எட்டுப் பக்கச் சிந்து, பழைய மருத்துவப் பாடநூல் என்று தேடிப் போகிறவர்கள் எல்லோரும் முதலில் முட்டி நிற்கும் இடம் இதுதான். இந்தத் தேடலுக்கு ஒரு தளத்தில் எத்தனை ஆயிரம் நூல்கள் இருக்கின்றன என்ற கணக்கு அவ்வளவாக உதவாது. ஒவ்வொரு நூலுக்கும் எழுதிவைத்திருக்கும் பட்டியல் குறிப்பு எவ்வளவு விரிவானது, அந்தக் குறிப்பைப் பிடித்துக்கொண்டு அடுத்த நூலுக்குப் போக முடிகிறதா என்பதே கேள்வி. 'நூலகம்', தமிழ் மின்னூலகம், தமிழ் விக்கிமூலம், மதுரைத் திட்டம் ஆகிய நான்கையும் அந்த ஒரே அளவுகோலால் அளந்து பார்க்கலாம். நான்கும் இலவசம். படிப்பதற்குக் கணக்குத் தொடங்க வேண்டியதில்லை.

முதலிடம் தயக்கமில்லாமல் ஈழத்து 'நூலகம்' தளத்துக்கு. 1981 ஜூன் 1-ஆம் தேதி விடிவதற்குள் யாழ்ப்பாணப் பொது நூலகத்தில் ஏறத்தாழ 97,000 நூல்கள் எரிந்துபோயின. அந்த இழப்பைக் கண்ட மண்ணின் மக்கள் 2005-இல் தொடங்கிய முயற்சி இது. அதனால்தானோ என்னவோ, எதையும் அற்பம் என்று இவர்கள் ஒதுக்குவதில்லை. நூல், இதழ், நாளிதழ் மட்டுமல்லாமல் பிரசுரங்கள், சிறப்பு மலர்கள், நினைவு மலர்கள் எல்லாவற்றுக்கும் தனித்தனிப் பகுதி உண்டு.

ஒரு நூலின் பக்கத்தைத் திறந்து பாருங்கள். சிறிய பெட்டி ஒன்றில் நூலக எண், ஆசிரியர், நூல் வகை, மொழி, வெளியீட்டாளர், வெளியீட்டாண்டு, பக்கங்கள் என்று வரிசையாக இருக்கும். கீழே 'வாசிக்க' என்ற தலைப்பில் பிடிஎஃப் கோப்பு. அதற்கும் கீழே 'உள்ளடக்கம்' என்று நூலின் பொருளடக்கத்தையே வரிவரியாகத் தட்டச்சு செய்து வைத்திருப்பார்கள். இந்தத் தளத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது. ஒரு பாடசாலையின் பொன்விழா மலருக்குள் ஐந்து பக்கத்தில் ஒளிந்திருக்கும் கூத்துக் கட்டுரையை அட்டைத் தலைப்பை வைத்து யாராலும் கண்டுபிடிக்க முடியாது. கட்டுரைத் தலைப்பு பட்டியலில் ஏறிவிட்டதால் 'கூத்து' என்று தட்டியதும் அந்த மலர் மேலே வந்து நிற்கிறது.

பெட்டியில் உள்ள விவரங்கள் பல இணைப்புகளாகவும் இருக்கின்றன. ஏற்கெனவே பிடித்த ஒரு நூலிலிருந்து தொடங்கி, அதன் வெளியீட்டாளர் பெயரைச் சொடுக்குங்கள். பெரிய பதிப்பகமாக இருந்தால் நூற்றுக்கணக்கில் வந்து குவியும், பயனில்லை. ஐந்தாறு நூல்களே போட்டு நின்றுபோன சிறு பதிப்பகமாக இருந்தால், அதை நடத்தியவரின் ரசனையே ஒரு பட்டியலாகக் கண்முன் விரியும். அடுத்து வெளியீட்டாண்டு. இது துறைகளைக் கலந்து காட்டும். ஒரே ஆண்டில் வந்த கவிதைத் தொகுதி, சமையல் கைநூல், ஊர் வரலாறு, கூட்டுறவுச் சங்க அறிக்கை ஆகியவை பக்கத்தில் பக்கத்தில் நிற்கும். ஒரு வகையை மட்டுமே படித்துப் பழகியவர்களை வேறு வகைக்குக் கைபிடித்துக் கூட்டிப்போக இதைவிட நல்ல வழி இல்லை.

நினைவு மலர்களைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். யாழ்ப்பாணத்தில் ஒருவர் இறந்து 31-ஆம் நாள் வெளியிடும் சிறு நூலைக் 'கல்வெட்டு' என்பார்கள். தேவாரம், திருவாசகத்தோடு குடும்பத்தின் வம்சாவளி, ஊர்க் கோயில் வரலாறு, இறந்தவர் பார்த்த தொழிலைப் பற்றிய குறிப்பு எல்லாம் அதில் இருக்கும். கடையில் விற்காத, நூலகங்கள் பொதுவாகச் சேர்க்காத ஒரு முழு இலக்கிய வகை அது. இங்கே அது பட்டியலோடு கிடைக்கிறது.

குறை இல்லாமல் இல்லை. தமிழ்நாட்டு நூல்கள் இங்கே சொற்பம்தான். சில பதிவுகளில் விவரம் மட்டும் இருக்கும், வாசிக்கும் இணைப்பு இருக்காது. அப்போதும் பதிவை மூடிவிட வேண்டாம். ஆசிரியர், ஆண்டு, வெளியீட்டாளர் மூன்றையும் குறித்துக்கொண்டால் வேறு நூலகத்தில் கேட்டு வாங்கலாம்.

தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தமிழ் மின்னூலகம் அளவில் பெரியது, வகையிலும் அகலமானது. நாட்டுடைமையாக்கப்பட்ட நூல்கள், அரிய நூல்கள், பருவ இதழ்கள், ஓலைச்சுவடிகள் என்று பிரிவுகள் உண்டு. பெரியசாமித் தூரன் தலைமையில் 1954 தொடங்கி 1968 வரை பத்துத் தொகுதிகளாக வந்த கலைக்களஞ்சியத்தைப் புரட்டவும் இங்கேதான் வர வேண்டும். ஆனால் துறைப் பிரிவுகள் மிக அகலம். 'இலக்கியம்' என்ற பிரிவுக்குள் நுழைந்தால் கடலுக்குள் இறங்கியது போலத்தான். ஆகவே பிரிவை நம்பாமல் ஒவ்வொரு நூலுக்கும் தந்திருக்கும் குறிப்பை வாசித்துப் பழக வேண்டும். ஆசிரியர், பதிப்பாளர், வடிவ விளக்கம், துறை, குறிச்சொற்கள் என்று அதில் இருக்கும். இவற்றில் பலரும் கண்டுகொள்ளாத 'வடிவ விளக்கம்' நல்ல துப்பு. 8 பக்கம், 16 பக்கம் என்று போட்டிருந்தால் அது பெரும்பாலும் பழைய சென்னையின் குஜிலிக் கடைத்தெருவில் காலணா, அரையணாவுக்கு விற்ற பாட்டுப் புத்தகமாக இருக்கும். கொலைச் சிந்து, வெள்ளச் சிந்து, ரயில் விபத்துப் பாட்டு, கும்மி எல்லாம் அந்த அளவில் வந்தவைதான். அன்றைய செய்தியைப் பாட்டாக்கித் தெருவில் பாடி விற்ற இந்த எழுத்தை இலக்கிய வரலாறுகள் ஓரிரு வரியில் கடந்துவிடுகின்றன.

இந்த இரண்டு தளங்களிலும் தேடுகிறவர்கள் தவறுவது பெரும்பாலும் ஒரே இடத்தில். இன்றைய சொல்லைக் கொண்டு அன்றைய நூலைத் தேடுகிறார்கள். யாழ்ப்பாணத்து மானிப்பாயில் 19-ஆம் நூற்றாண்டில் தமிழில் மருத்துவம் கற்பித்த அமெரிக்கர் சாமுவேல் ஃபிஸ்க் கிறீன் வெளியிட்ட நூல்களைப் பாருங்கள்: 'இரண வைத்தியம்' (1867), 'மனுஷ அங்காதிபாதம்' (1872), 'கெமிஸ்தம்' (1875). அறுவை மருத்துவம், உடற்கூறியல், வேதியியல் என்று ஆயிரம் முறை தட்டினாலும் தலைப்புகளில் இந்த மூன்றும் சிக்காது. ஒவ்வொரு துறைக்கும் காலத்துக்குக் காலம் பெயர் மாறியிருக்கிறது. வேதியியல் அதற்கு முன் இரசாயனம், இயற்பியல் பௌதிகம், வரலாறு சரித்திரம், உளவியல் மனோதத்துவம், சமையல் பாகசாஸ்திரம். 1950-க்கு முந்தைய நூலைத் தேடும்போது பழைய பெயரை முதலில் போடுங்கள்.

எழுத்துக்கூட்டல் அடுத்த சிக்கல். ஜோதிடம், சோதிடம், ஜோசியம், சோசியம் நான்கும் தேடல் பெட்டிக்கு நான்கு வேறு சொற்கள். ஸங்கீதம், சங்கீதம் இரண்டையும் தனித்தனியாகத் தேட வேண்டும். 'வைத்தியத்திரட்டு' என்று சேர்த்து எழுதிய தலைப்பை 'வைத்தியம்' என்று தட்டினால் பல இடங்களில் பிடிக்காது, ஏனென்றால் நடுவில் 'ம்' இல்லை. 'வைத்திய' என்று அடிச்சொல்லோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். ஆசிரியர் பெயருக்கு முன்னெழுத்தை விட்டுவிடுங்கள். 'வை. மு. கோதைநாயகி', 'வை.மு.கோதைநாயகி அம்மாள்' என்று புள்ளியும் இடைவெளியும் இடத்துக்கு இடம் மாறும், 'கோதைநாயகி' மட்டும் மாறாது.

நூலைக் கண்டுபிடித்தாயிற்று. ஆண்டு? பழைய தலைப்புப் பக்கங்கள் அதை நேராகச் சொல்வதில்லை. '௲௮௱௯௰௪' என்று தமிழ் எண்ணில் இருந்தால் அது ஆயிரம், எட்டு நூறு, ஒன்பது பத்து, நான்கு, அதாவது 1894. 'பிரபவ வருஷம்' என்று மட்டும் இருந்தால் 1867-ஆகவும் இருக்கலாம், 1927-ஆகவும் இருக்கலாம், அறுபது ஆண்டுச் சுழற்சி அப்படி. சாலிவாகன சகாப்தம் தந்திருந்தால் 78-ஐக் கூட்டிக்கொள்ளலாம். ஆண்டே இல்லாத நூலுக்கு வேறு தடயங்கள் உண்டு. விலை அணாவில் இருந்தால் பெரும்பாலும் 1957 ஏப்ரலில் நயா பைசா வருவதற்கு முந்தையது. பதிப்பக முகவரியில் ஆறு இலக்க அஞ்சல் குறியீடு இருந்தால் 1972 ஆகஸ்டுக்குப் பிந்தையது. ணை, லை, ளை, னை ஆகியவை பழைய கொம்போடு அச்சாகியிருந்தால், தமிழ்நாட்டு நூலாக இருக்கும் பட்சத்தில், 1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்தையதாகவே இருக்க வாய்ப்பு. மாற்றம் ஒரே நாளில் எல்லா அச்சகத்துக்கும் போய்ச் சேரவில்லை என்பதையும் நினைவில் வைக்க வேண்டும். ஆண்டு துல்லியமாகத் தெரிந்தால் அதே ஆண்டின் இதழ்களில் அந்த நூலுக்கு வந்த மதிப்புரையைத் தேடிப் பிடிக்கலாம், அதனால் இவ்வளவு மெனக்கெடலாம்.

இதழ்கள் என்றதும், தெரியாத நூல்களின் சுரங்கம் அங்கேதான் என்பதைச் சொல்லிவிட வேண்டும். பழைய இலக்கிய இதழ்களின் கடைசிப் பக்கங்களில் 'வரப்பெற்றோம்' என்று ஒரு பத்தி வரும். மதிப்புரைக்கு வந்து, எழுத இடம் இல்லாமல் போன நூல்களின் பெயரும் விலையும் முகவரியும் மட்டும் இருக்கும். நல்ல விமர்சனம் பெற்ற நூல் எப்படியும் யாராவது ஒருவர் நினைவில் தங்கியிருக்கும். வரப்பெற்றோம் பத்தியோடு நின்றுபோன நூலுக்கு அந்த ஒரு வரிதான் சாட்சி. பத்து இதழ்களின் இந்தப் பத்தியைத் தொடர்ந்து படித்து, பெயர்களை ஒரு தாளில் எழுதி, நான்கு தளங்களிலும் தேடிப் பார்த்தால் கைநிறையக் கிடைக்கும். நூல்களின் பின்னட்டையில் வரும் 'எமது பிற வெளியீடுகள்' விளம்பரத்தையும் இதே போலப் பயன்படுத்தலாம். ஸ்கேன் செய்யும்போது விளம்பரம்தானே என்று பின்னட்டையை விட்டுவிடுவது வருத்தமான பழக்கம்.

தமிழ் விக்கிமூலத்தின் பலம் முற்றிலும் வேறு. இங்கே நூலுக்குள்ளேயே தேடலாம். தமிழ் இணையக் கல்விக்கழகம் பொதுவுரிமையில் வழங்கிய இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட நாட்டுடைமை நூல்களின் ஸ்கேன்களை ஏற்றி, எழுத்துணரி (படத்திலுள்ள எழுத்தைப் படித்து உரையாக்கும் மென்பொருள்) மூலம் உரையாக்கி, தன்னார்வலர்கள் திருத்தி வருகிறார்கள். ஒவ்வொரு நூலுக்கும் 'அட்டவணை' என்று ஒரு பக்கம் உண்டு. அதில் பக்க எண்கள் கட்டம் கட்டமாக நிறத்தோடு தெரியும். சிவப்பு என்றால் யாரும் மெய்ப்புப் பார்க்கவில்லை, மஞ்சள் என்றால் ஒருவர் பார்த்துவிட்டார், பச்சை என்றால் இன்னொருவரும் சரிபார்த்துவிட்டார், நீலம் என்றால் ஏதோ சிக்கல். மஞ்சளும் பச்சையும் நிறைந்த நூலை இபப் (EPUB) மின்னூல் கோப்பாக இறக்கி நிம்மதியாகப் படிக்கலாம். சிவப்பே நிறைந்திருந்தால் உரையை விட்டுவிட்டு ஸ்கேன் படத்தைப் படிப்பதுதான் கண்ணுக்கு நல்லது.

ஆனால் தேடுவதற்குச் சிவப்புப் பக்கங்களே பொக்கிஷம். தளத்தின் தேடல் பக்கத்தில் 'பக்கம்' என்னும் பெயர்வெளியையும் (தளத்துக்குள் ஒரு தனிப் பிரிவு) சேர்த்துக்கொள்ளுங்கள். அதைச் சேர்க்காவிட்டால் திருத்தி முடிந்த நூல்களோடு தேடல் நின்றுவிடலாம். சேர்த்தபின் உங்கள் ஊர்ப் பெயரையோ ஒரு மூலிகையின் பெயரையோ ஒரு விளையாட்டின் பெயரையோ மேற்கோள் குறிக்குள் போட்டால், கேள்வியே படாத நூல்களின் நடுப்பக்கங்கள் வந்து நிற்கும். பழைய அச்சை எழுத்துணரி எங்கே தவறாகப் படிக்கும் என்று தெரிந்துவைத்துக்கொள்வது நல்லது. துணைக்காலையும் ரகரத்தையும் குழப்பும். பழைய வடிவிலுள்ள ணா, றா, னா, ணை, லை, ளை, னை ஆகியவற்றில் அடிக்கடி தடுமாறும். ஆகவே இந்த எழுத்துகள் இல்லாத சொல்லாகத் தேர்ந்தெடுங்கள். 'தலைவலி' வேண்டாம், 'ஒற்றைத் தலைவலி'யும் வேண்டாம், 'சுக்கு' போடுங்கள். 'யானை' வேண்டாம், 'தும்பிக்கை' போடுங்கள். 'மூலிகை' பழைய அச்சிலும் இன்றைய வடிவில்தான் இருக்கும், தாராளமாகப் போடலாம்.

மதுரைத் திட்டம் 1998 பொங்கலன்று தொடங்கியது. நான்கிலும் மூத்தது. தன்னார்வலர்கள் தட்டச்சு செய்தும் மெய்ப்புப் பார்த்தும் ஏற்றிய உரைகள் என்பதால் நம்பிப் படிக்கலாம். பட்டியல் நேரானது, எண் வரிசையில் தலைப்பும் ஆசிரியரும். தூது, உலா, கலம்பகம், சதகம், பிள்ளைத்தமிழ் என்று சிற்றிலக்கியங்களில் அதிகம் பேசப்படாதவற்றைத் தேடுபவர்களுக்கு இதுவே முதல் வாசல். அறிவியல், பயணம், சமையல் தேடுபவர்கள் வேறு இடம் பார்க்கலாம்.

ஸ்கேன் நூல்களை இறக்கும்போது ஒரு சோதனை அவசியம். நூலின் கடைசிப் பக்க எண்ணையும் கோப்பிலுள்ள பக்க எண்ணிக்கையையும் ஒப்பிடுங்கள். முன்பக்கங்களுக்காகக் கோப்பில் கொஞ்சம் கூடுதலாக இருக்க வேண்டும். குறைந்தால் எங்கே குறைகிறது என்று பாருங்கள். பழைய நூல்களில் பக்கங்கள் ஒன்றிரண்டாகக் காணாமல் போவதைவிட எட்டு, பதினாறு என்று மொத்தமாகப் போவது அதிகம். பல பக்கங்களைச் சேர்த்து அச்சடித்த பெரிய தாளை, அதாவது பாரத்தை, மடித்துத் தைத்திருப்பார்கள், தைத்த இழை இற்றுப்போனால் அந்தப் பாரம் முழுவதும் கழன்றுவிடும். இறுக்கமாகப் பைண்டு செய்த நூலில் உள்ஓர எழுத்துகள் மடிப்புக்குள் போய்விடும், அதற்கு வேறு பிரதியைத் தேடுவதுதான் வழி. மடித்துவைத்த வரைபடங்கள் பல ஸ்கேன்களில் விரிக்கப்படாமலே இருக்கின்றன. பயண நூலுக்கும் நில அளவை நூலுக்கும் அது பெரிய நஷ்டம்.

மின்னூல் வாசிக்கும் கைக்கருவியில் படிப்பவர்கள் நூலின் அளவைப் பார்த்து முடிவு செய்யலாம். கிரவுன் 1/8 என்னும் சிறிய அளவில் வந்த பழைய நாவல்கள் ஆறு அங்குலத் திரைக்கு ஏற்றவை, ஓர வெள்ளையை மட்டும் வெட்டிவிட்டால் எழுத்து அச்சில் இருந்த அளவுக்குக் கிட்டத்தட்ட வந்துவிடும். அதைவிடச் சற்றுப் பெரிய டெம்மி 1/8 நூலில் எழுத்து கொஞ்சம் சிறுக்கும். இரண்டு மூன்று பத்திகளில் அச்சான பெரிய அளவு இதழ்களை அந்தத் திரையில் படிக்க முயல வேண்டாம், கணினிதான் சரி.

இந்த நான்கிலும் இல்லாத நூல் ஒன்று இருந்தது என்று தெரிந்துகொள்ளவே பழைய அட்டவணைகள் உதவும். ஜான் மர்டாக் 1865-இல் வெளியிட்ட தமிழ் அச்சு நூல்களின் பட்டியல் பொருள்வாரியாகப் பிரிக்கப்பட்டது, அதனாலேயே உலாவுவதற்கு ஏற்றது. அதற்கு இரண்டு ஆண்டு கழித்து வந்த 1867-ஆம் ஆண்டு அச்சகங்கள், நூல்கள் பதிவுச் சட்டம் இன்னும் பெரிய உதவி. ஒவ்வொரு நூலின் தலைப்பு, ஆசிரியர், அச்சகம், பக்கம், அச்சிட்ட படிகள், விலை ஆகியவற்றை மூன்று மாதத்துக்கு ஒருமுறை பட்டியலிட அந்தச் சட்டம் வகை செய்தது. எத்தனை படிகள் அச்சானது என்ற ஒரு எண்ணை வைத்தே ஒரு நூல் எந்த அளவுக்குப் பரவியது என்று கணிக்கலாம்.

இப்படிப் பெயர் தெரிந்த நூலை அச்சில் பார்க்கச் சென்னைக்கு வருபவர்கள் இரண்டு இடம் போகலாம். கோட்டையூர் ரோஜா முத்தையாவின் சேகரிப்பிலிருந்து 1994-இல் உருவாகி இப்போது தரமணியில் இயங்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் 19-ஆம் நூற்றாண்டு நூல்களுக்கும் பழைய இதழ்களுக்கும் குஜிலிப் பதிப்புகளுக்கும். எழும்பூர் கன்னிமாரா பொது நூலகம் அதற்குப் பிந்தையவற்றுக்கு. 1954-ஆம் ஆண்டு நூல் வழங்கல் சட்டப்படி இந்தியப் பதிப்பாளர்கள் படி அனுப்ப வேண்டிய நான்கு நூலகங்களில் கன்னிமாராவும் ஒன்று. ரோமன் எழுத்தில் உள்ள வெளிநாட்டு நூலகப் பட்டியல்களைத் தேடிவிட்டுப் போவதானால், அங்கே ச-வுக்கு 'c' எழுத்து, க-வுக்கு எப்போதும் 'k', ட-வுக்கும் த-வுக்கும் 't'. 's' போட்டுச் 'சித்திரம்' என்ற சொல்லைத் தேடினால் கிடைக்காது. தலைப்பு, ஆசிரியர், ஆண்டு, அச்சகம் நான்கையும் தமிழில் தெளிவாக எழுதிய ஒரு சீட்டைக் கையோடு கொண்டுபோங்கள். தலைப்பில் பிழை இருந்தாலும், அச்சகத்தின் பெயரை வைத்து அலமாரியிலிருந்து எடுத்துத் தரும் நூலகர்கள் அங்கே இருக்கிறார்கள்.